ஏழு படங்களில் பேசாதவர்

மேகம் வந்து சூரியனை மறைத்தால் மெட்ராஸ் மாமி அப்படியே நின்றுவிடுவார். நடந்துகொண்டிருந்தால் தூக்கிய கால் தூக்கியபடி நிற்கும். கஞ்சி குடித்துக்கொண்டிருந்தால் கரண்டியாகக் கோட்டிக் கோரிய பிலாவிலை, அதாவது பலா இலை, வாய்க்கும் சட்டிக்கும் நடுவில் நிற்கும். மேகம் விலகி வெயில் விழுந்ததும் விட்ட இடத்திலிருந்து தொடங்குவார். பேச்சு என்றால் விட்ட சொல்லிலிருந்து.

இது தெரியாமல்தான் நான் ஊரைக் கூட்டினேன். கல்யாணம் முடிந்து அப்போது இரண்டு மாதம்கூட ஆகவில்லை. தொண்ணூறுகளின் தொடக்கம். நான் மார்த்தாண்டத்துக்காரி. களியக்காவிளையைத் தாண்டி, உதியன்குளங்கரை முக்கிலிருந்து குளத்தூர்ப் பக்கம் திரும்பும் வழியில் இருந்தது என் கணவர் வீடு. கூடவே வந்த தையல் மிஷினை முன்னறையில் போட்டு நாலு பேருக்குச் சட்டை தைக்க ஆரம்பித்திருந்தேன். ஒரு நாள் காலையில் உயரமான, மெலிந்த, எண்பது வயதுக்காரி ஒருவர் இளநீலத் துணியோடு வந்து நின்றார். அளவெடுப்பதற்காகக் கையைத் தூக்கச் சொன்னேன். தூக்கினார். தூக்கியவர் சிலையாகிவிட்டார். கண் அசையவில்லை, மூச்சு ஏறி இறங்குவதுகூடத் தெரியவில்லை.  டேப்பைப் போட்டுவிட்டு, பக்கவாதம் வந்துவிட்டது என்று அலறிக்கொண்டு வெளியே ஓடினேன்.

பக்கத்து வீட்டு அக்காள் முற்றத்தில் மரச்சீனிக் கிழங்கு சீவிக்கொண்டிருந்தாள். கத்தியைக்கூடக் கீழே வைக்கவில்லை.

"வாதமும் இல்ல ஒண்ணும் இல்ல மக்கா. மேகமாக்கும். இப்பப் போயிரும், பாத்துக்கோ."

போனது. நான் திரும்பி வந்தபோது மாமி கையைத் தூக்கியபடியே என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். "அளவு எடுக்கல்லியா? கை கழைக்குது" என்றார்.

அவர் அந்தக் காலத்தில் பேசாத படங்களில் நடித்தவர் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. ஏழு படங்கள். அப்போதெல்லாம் விளக்குப் போட்டுப் படம் பிடிக்கும் வழக்கம் இங்கே இல்லையாம். கூரையில்லாத கொட்டகை, மேலே வெள்ளைத் துணி, சுற்றிலும் வெயிலைத் திருப்பிவிடும் கண்ணாடிகள். கேமராவைக் கையால் சுற்றுவார்கள். மேகம் வந்தால் 'நில்' என்று ஒரு சத்தம் வரும். மறுபடி வெயில் வரும் வரை யாரும் இம்மி நகரக்கூடாது. நகர்ந்தால் முன்னால் எடுத்ததும் பின்னால் எடுப்பதும் ஒட்டாது.

"மூணு வருஷம் அப்பிடி நிண்ணவளாக்கும் நான்" என்றார். "எனக்கு மறந்து போச்சு மக்கா. காலுக்கு இப்பவும் ஓர்மை உண்டு."

ஊர் இதற்குப் பழகியிருந்தது. பாறசாலை பஸ்ஸில் வரும் ஒரு கண்டக்டர், படியில் ஒரு காலும் ரோட்டில் ஒரு காலுமாக அவர் நின்றுவிட்டால், வானத்தைப் பார்த்துவிட்டு, "சின்ன மேகம் தான், பொறுங்க" என்று டிரைவருக்குக் குரல் கொடுப்பார். பெரிய மேகமாக இருந்தால் இரண்டு பேர் அவரை அலுங்காமல் தூக்கி உள்ளே வைப்பார்கள். அவரும் மறுப்பு சொல்ல மாட்டார். சொல்ல முடியாதே.

பெயரை நான் எழுதப்போவதில்லை. ஞானஸ்நானப் பதிவேட்டில் ஒரு பெயர் இருந்தது. சினிமாக் கம்பெனி வைத்த பெயர் வேறு. இரண்டையும் சொல்லிக் கூப்பிடுகிற ஆள் எங்கள் பக்கத்தில் யாரும் மிச்சமில்லை. எல்லாருக்கும் மெட்ராஸ் மாமி. அண்ணன் மகன் வீட்டுப் பின்பக்கத்துச் சாய்ப்பு அறையில் ஒரு கட்டிலும் ஒரு டிரங்குப் பெட்டியுமாக இருந்தார்.

நான் வாயாடி. இதை ஒப்புக்கொள்வதில் எனக்கு வெட்கமில்லை. வாய்க்குள் நாக்கு சும்மா கிடந்தால் எனக்குத் தலை வலிக்கும். அப்படிப்பட்ட எனக்கு, வாயைத் திறக்காமலே எல்லாவற்றையும் சொல்லிவிடுகிற ஒருவர் மேல் முதலில் எரிச்சல்தான் வந்தது. பூவாரிலிருந்து மீன் கொண்டுவரும் அம்மாவிடம் நான் கால் மணி நேரம் தொண்டைத் தண்ணீர் வற்றப் பேசினாலும் விலை இறங்காது. மாமி வருவார். கூடைக்குள் பார்ப்பார். நிமிர்ந்து அந்த அம்மாவின் முகத்தைப் பார்ப்பார். வேறு எதுவும் செய்ய மாட்டார். நேற்றுப் பிடித்த மீன், நீயும் பாவம், உன் தலையில் இந்தச் சுமை, ஆனாலும் நேற்றுப் பிடித்த மீன் என்று அத்தனையும் அந்தப் பார்வையில் இருக்கும்.

"எனக்க மாமீ, இப்பிடி நோக்காதீங்கோ" என்பாள் அவள். "எடுத்துட்டுப் போங்கோ, உள்ளது தந்தா போதும்."

"பாத்தியா?" என்று என்னிடம் கேட்பார் மாமி. அந்த ஒரு சொல்லில் எவ்வளவு பெருமை.

அவருக்கு நான் தைத்த சட்டைகள் எல்லாம் இளநீலம். எங்கள் சபையில் அப்பம் வழங்கும் திருவிருந்து ஞாயிறுகளில் பெண்கள் எல்லாரும் வெள்ளையில் வருவார்கள். அத்தனை வெள்ளையில் இவர் மட்டும் நீலமாக உட்கார்ந்திருப்பார். கேட்டால், "நீலம் படத்துல வெள்ளையா விழும், சிவப்பு கறுத்துப் போவும்" என்பார்.

"மாமி, இது படமில்ல, பள்ளியாக்கும்" என்று நான் ஒருமுறை சொன்னேன். தேவாலயத்தை எங்கள் பக்கத்தில் பள்ளி என்போம். என்னை மேலிருந்து கீழே ஒரு பார்வை பார்த்தார். அதற்குப் பிறகு அந்தப் பேச்சை நான் எடுக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலங்களில் எங்கள் வீட்டுக் கறுப்பு வெள்ளை டிவியில் மலையாளப் படம் பார்க்க அக்கம்பக்கத்துப் பெண்கள் வருவார்கள். மாமி வந்து பாயில் உட்கார்ந்ததும் முதல் உத்தரவு ஒன்று உண்டு. "சத்தத்தக் குறை மக்கா." குறைத்தால் போதாது, அடியோடு நிறுத்த வேண்டும். முதல் வாரம் சண்டையே வந்தது. மூன்றாவது வாரம் ஒருத்தியும் முனகவில்லை. படத்தில் முகங்கள் வாயசைக்க, மாமி கதை சொல்லுவார். "இவனுக்கு இவ மேல விருப்பம் இல்ல. பின்னால நிக்கியாளே தங்கச்சி, அவ மேலயாக்கும். அவளுக்கும் அது தெரியும், பாரு, பானையத்தான் பாக்கியாள்." மறுநாள் வேறு யாராவது உண்மைக் கதையைச் சொல்லும்போது எங்களுக்குச் சப்பென்று இருக்கும். மாமி சொன்ன படத்தை எடுக்காமல் இவர்கள் எதையோ எடுத்து வைத்திருக்கிறார்களே என்று தோன்றும்.

நடிகை அழுகிற இடங்களில் மட்டும் மாமிக்குக் கோபம் வந்துவிடும். "கண்ணு கரயுது, கழுத்து சும்மா இருக்கு. உள்ளதா கரஞ்சா கழுத்து கரயும் மக்கா. கழுத்துக்குப் பொய் சொல்லத் தெரியாது" என்பார். அதிலிருந்து எனக்கும் அந்தப் பழக்கம் ஒட்டிக்கொண்டது. சாவு வீட்டுக்குப் போனால் எல்லாருடைய கழுத்தையும் பார்ப்பேன். பார்க்கக்கூடாத பல விஷயங்கள் தெரிந்துபோயின.

அவர் எப்படிச் சினிமாவுக்குப் போனார் என்பதைத் துண்டு துண்டாகத்தான் சொல்லியிருக்கிறார். மெட்ராஸில் ஒரு மிஷன் ஹாஸ்டலில் அத்தை சமையல்காரி. கூட மாட வேலைக்குப் போன பெண்ணுக்குப் பதினாறு வயது. ஹாஸ்டலுக்குப் பின்னால் கடற்கரையில் யாரோ படம் பிடித்துக்கொண்டிருந்தார்கள். கண்ணாடி வெயிலை முகத்தில் அடித்தால் கதாநாயகிக்குக் கண் கூசிக் கூசி மூடிக்கொண்டதாம். வேலியோரம் வேடிக்கை பார்த்த இந்தப் பெண் முகத்தில் தவறுதலாக அந்த வெயில் விழுந்தது. இவர் சிமிட்டவில்லை. பூவார்ப் பொழிமுகத்தில் மத்தியான வெயிலில் தண்ணீரைப் பார்த்துப் பார்த்து வளர்ந்த கண். அவ்வளவுதான் அவருடைய தகுதி.

முடிந்த விதத்தையும் சொன்னார். பேசும் படம் வந்தது. ஒரு சின்ன அறைக்குள் நிறுத்தி, மைக்குக்கு முன்னால் ஒரு வசனம் சொல்லச் சொன்னார்களாம். "சுவாமி, நான் வாறேன், கூட வாறதுக்கு ஆளு உண்டு" என்று இவர் தன் வாயில் எப்படி வருமோ அப்படிச் சொன்னார். கேமராவைச் சுற்றுகிறவர் முதல் சாயா கொண்டுவந்தவர் வரை எல்லாரும் சிரித்தார்கள். தேவியாகவும் ராணியாகவும் தாங்கள் பார்த்த முகத்திலிருந்து எங்கள் பாறசாலைப் பேச்சு வந்தால் சிரிக்காமல் என்ன செய்வார்கள்? அன்றைக்கே பெட்டியைக் கட்டினார். ஏழு படங்களில் ஒன்றுகூட இன்று இல்லை. எல்லாம் எரிந்தோ பொடிந்தோ போயின. "நல்லதாப் போச்சு" என்பார். அப்படிச் சொல்லும்போது அவர் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வந்ததில்லை.

திரும்பி வந்தால் ஊரில் வேறொரு கதை காத்திருந்தது.

அவர் மெட்ராஸில் இருந்தபோதே பாறசாலையில் கூடாரம் போட்டு அவருடைய படம் ஒன்றைக் காட்டியிருக்கிறார்கள். புராணப் படம். அதில் அவர் தேவி. திரைக்குப் பக்கத்தில் ஒருவர் கோலோடு நின்று கதை சொல்ல, ஒருவர் ஆர்மோனியம் வாசிக்க, தாமரைக்குள்ளிருந்து தேவி எழுந்ததும் கூடாரத்தில் இருந்த ஜனம் முழுக்க எழுந்துவிட்டது. யாரோ கற்பூரம் கொளுத்தினார்கள். யாரோ திரைக்கு முன்னால் தேங்காய் உடைத்தார்கள். அந்தக் கூட்டத்தில் எங்கள் சபை மூப்பர் ஒருவரும் இருந்தார். அவர் எதற்கு அங்கே போனார் என்று இன்று வரை யாரும் கேட்கவில்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவர்தான் எழுந்து முறையிட்டார். நம்முடைய சபையில் ஞானஸ்நானம் பெற்ற பெண் தெய்வத்துக்குரிய வணக்கத்தைத் தான் வாங்கிக்கொண்டாள் என்றார். சபை விலக்கு விழுந்தது. ஆராதனைக்கு வரலாம், கடைசி பெஞ்சில் உட்காரலாம். திருவிருந்து கிடையாது. செத்தால் கல்லறைத் தோட்டத்தில் இடம் கிடையாது. சபைக்கு முன்னால் நின்று, 'செய்ததற்கு மனம் வருந்துகிறேன்' என்று வாயால் சொன்னால் எல்லாம் திரும்பக் கிடைக்கும்.

சொல்லவில்லை. அறுபது வருஷம் சொல்லவில்லை. எத்தனையோ போதகர்கள் வந்து கேட்டுப் பார்த்துவிட்டு மாறிப்போனார்கள்.

"நான் நிண்ணேன். வெயிலு பட்டுது. அவங்க கும்பிட்டாங்க" என்பார் என்னிடம். "இதுல நான் எதுக்கு மக்கா வருத்தப்படணும்? தாமரை அட்டையாக்கும். முட்டி வலிச்சுது."

ஆனால் ஒரு ஞாயிறு தவறாமல் வந்தார். எங்கள் சபையில் பாட்டும் ஜெபமும் மலையாளத்தில், சண்டை மட்டும் தமிழில். சண்டைகளுக்கு நடுவிலும் அவர் கடைசி பெஞ்சில் நிமிர்ந்து உட்கார்ந்திருப்பார். திருவிருந்து தொடங்கும்போது தானே எழுந்து வெளியே போய் ஆஞ்சிலி மரத்தடியில் நிற்பார்.

அவருடைய அம்மை உயிரோடு இருந்தவரை ஒரு காரியம் செய்தாளாம். வாங்கிய அப்பத்தில் பாதியைத்தான் வாயில் போடுவாள். மீதியை முண்டின் கோந்தலை முனையில் முடிந்து கொண்டுவந்து, மரத்தடியில் நிற்கிற மகள் கையில் வைப்பாள். சட்டப்படி அது பெரிய குற்றம். அம்மையும் மகளும் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசிக்கொண்டதில்லை. ஊரே மெட்ராஸ்காரி என்று கதவை அடைத்தபோது, கதவைத் திறந்து கஞ்சியை எடுத்து வைத்தவளும் அவள்தான். அந்த அம்மை இப்போது கல்லறைத் தோட்டத்தில் கிடக்கிறாள். பக்கத்தில் ஒரு ஆள் கிடக்க இடம் விட்டிருந்தார்கள்.

ஒரு காய்ச்சலில் மாமி பத்து நாள் எழுந்திருக்கவில்லை. அப்போது அண்ணன் மகன் வாசலில் நின்று என் கணவரிடம் பேசினான். அவன் கெட்டவன் இல்லை, இடமில்லாதவன்.

"எனக்க நாலு செண்டு நிலத்துல வீடும் கிணறும் கக்கூசும் போவ எங்கண்ணே இடம்? மாமிய நான் எங்க அடக்குவேன்? பள்ளில வேண்டாம்னா பொதுச் சுடுகாட்டுக்குத்தான் கொண்டு போவணும்."

சாய்ப்புக்குள் அது கேட்டது. நான் கஞ்சியோடு அங்கே உட்கார்ந்திருந்தேன். மாமி சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். திரும்பாமலே சொன்னார், "எனக்கு அம்மைக்க பக்கத்துல கிடக்கணும்."

அவர் எதையும் வேண்டும் என்று கேட்டு நான் அதுவரை கேட்டதில்லை. கஞ்சிச் சட்டியை அங்கேயே வைத்தேன். நேராக வீட்டுக்குப் போய்க் கணவரைப் பிடித்துக்கொண்டேன். அவர்தான் சபைச் செயலாளர். கமிட்டி நடவடிக்கைகளை எழுதும் தடித்த நோட்டுப் புத்தகம் எங்கள் அலமாரியில்தான் இருந்தது. ஒரு எழுத்துப் பிசகாமல் எழுதுகிற மனிதர். வீட்டில் உப்புக் கூடிப்போனால்கூட அதை மறுக்கவும் மாட்டார், மறக்கவும் மாட்டார்.

புதிதாக வந்திருந்த போதகர் இளவயசுக்காரர், இளகிய மனசு. ஒரே ஒரு கேள்வி, 'ஆம்' என்று ஒரே ஒரு பதில், அவ்வளவு போதும் என்றார். கமிட்டியில் எதிர்த்தவர் ஒருவர்தான். முறையிட்ட அந்த மூப்பரின் மகன். அப்பாவின் இடத்தில் இப்போது அவர்தான் மூப்பர். "சொல்லட்டும். ஆனா சத்தமாச் சொல்லணும். கடைசி பெஞ்சு வரை கேக்கணும்" என்றார்.

மாமியைச் சம்மதிக்க வைக்கும் வேலையை நான் எடுத்துக்கொண்டேன். யாரும் என்னிடம் தரவில்லை, நானாக எடுத்துக்கொண்டேன்.

"ஒரு சொல்லுதானே மாமி. சொன்னா வாயி தேஞ்சா போவும்? நான் ஒரு நாளைக்கு நூறு பொய் சொல்லுதேன். எனக்கு என்ன ஆச்சு?"

என்னையே நெடுநேரம் பார்த்தார். "சொல்லித்தான் ஆவணும், இல்லியா?"

"சொல்லத்தான் வேணும்."

"செரி" என்றார்.

அந்த 'செரி'யை அவர் வாயிலிருந்து பிடுங்கியவள் நான். இதை எழுதும்போதும் அது எனக்கு உறுத்துகிறது.

அந்த ஞாயிற்றுக்கிழமை இரண்டாவது பாட்டு முடிந்ததும் போதகர் அழைத்தார். கடைசி பெஞ்சிலிருந்து மாமி எழுந்து நடு வழியாக முன்னால் வந்தார். பீடத்துக்கு நேராக நிற்கச் சொல்லியிருந்தார்கள். அவர் நேராக நிற்கவில்லை. இடது பக்கம் இரண்டடி நகர்ந்தார். அங்கேதான் ஜன்னல் வெயில் விழுந்துகொண்டிருந்தது.

"செய்த குற்றத்துக்காக மனம் வருந்துகிறீர்களா?" என்று போதகர் கேட்டார்.

மாமி வாயைத் திறக்கவில்லை. எங்களைப் பார்த்தார். முதலில் அங்கே ஒரு பதினாறு வயதுப் பெண் நின்றாள். எதையோ உடைத்துவிட்டு, உடைத்தது தான்தான் என்று சொல்லத் தெரியாமல் நிற்கிற பெண். பிறகு அந்த முகத்துக்கு வயது ஏறிக்கொண்டே வந்தது. கண்ணில் நீர் வந்து விளிம்பில் நின்றது, விழவில்லை. ஒரு கை மெல்ல எழுந்து நெஞ்சு வரை வந்து தயங்கியது. அப்போதுதான் நீர் விழுந்தது, அதுவும் எங்கள் பக்கமிருந்த கண்ணிலிருந்து மட்டும். பெண்கள் பக்கத்தில் யாரோ விம்மினார்கள். பிறகு எல்லாரும் விம்மினோம். மூப்பர் கண்ணாடியைக் கழற்றிவிட்டு இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டார். சத்தமாகச் சொல்ல வேண்டும் என்று கேட்டவர் அவர், அது அவருக்கே ஞாபகமில்லை. போதகரும் கண்ணைத் துடைத்துக்கொண்டார். பதிலுக்குக் காத்திருக்க வேண்டும் என்பதை மறந்து, "கர்த்தர் கேட்டார்" என்று சொல்லிக் கையை உயர்த்தினார்.

நானும் அழுதேன். அழுதுகொண்டே, பழக்கதோஷம், அவர் கழுத்தைப் பார்த்தேன். கழுத்து சும்மா இருந்தது.

'மனம் வருந்தி, சபை முன்னிலையில் அறிக்கையிட்டார். சபை ஏற்றுக்கொண்டது' என்று என் கணவர் புத்தகத்தில் எழுதினார். "அவரு வாயே தொறக்கல்லியே?" என்று கேட்டேன். "எல்லாரும் பாத்தாங்கல்லா?" என்றார். நான் அதற்கு மேல் கிளறவில்லை. இடம் கிடைத்துவிட்டது, அது போதும் என்று இருந்தேன்.

மாமி அதற்குப் பிறகு எங்கள் வீட்டுப் பக்கம் வரவில்லை. டிவி பார்க்கவும் வரவில்லை. மூன்றாவது வாரம் ஒரு மத்தியானம் வந்து தையல் மிஷினுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"மக்கா, நான் ஏழு படம் நடிச்சேன். ஒண்ணுலயும் பொய் காட்டல்ல. கரயச் சொன்னா அம்மைய நெனச்சு உள்ளதாக் கரவேன். தேவியா நிக்கச் சொன்னப்ப எனக்கு உள்ளயெல்லாம் நடுங்கிச்சு, அந்த நடுக்கத்தோடதான் நிண்ணேன். பள்ளிலதான் முதல்ல பொய் காட்டினேன்."

"போட்டும் மாமி. எல்லாம் முடிஞ்சு போச்சு. இனி வாயை மூடிக்கிட்டு சும்மா இரும்." வாயை மூடச் சொல்லி நான் ஒருவருக்குப் புத்தி சொன்னது வாழ்க்கையில் அந்த ஒரு தடவைதான்.

"வாறது திருவிருந்து ஞாயிறு. எல்லாருக்கும் முன்னால எனக்குத்தான் தருவாராம்."

"தரட்டும். வாங்கும். அம்மைக்க பக்கத்துல கிடக்கணும்னு நீருதானே சொன்னீரு?"

"கிடக்கணும்" என்றார் மாமி. "கிடக்கணும்னா அம்மைக்க முகத்தப் பாக்கண்டாமா மக்கா?"

நான் குனிந்து மிஷினை ஓட்டிக்கொண்டிருந்தேன். ஊசியில் நூல் இல்லை என்பதை அவர் போன பிறகுதான் பார்த்தேன்.

திருவிருந்து ஞாயிறன்று, சபைக்குத் திரும்பி வந்தவரை முதலில் அழைக்கிற முறைப்படி, போதகர் தட்டைக் கையில் எடுத்துக்கொண்டு மாமியை அழைத்தார். மாமி வந்தார். இந்தத் தடவை வெயிலைத் தேடி நகரவில்லை. இருட்டாக இருந்த இடத்திலேயே நின்றார். பிறகு பேசினார். அறுபது வருஷத்தில் அந்தப் பள்ளிக்குள் அவர் குரலை யாரும் கேட்டதில்லை. மெல்லிய குரல், கொஞ்சம் கீச்சென்று இருக்கும். மெட்ராஸில் சிரித்தார்களே, அந்தக் குரல்.

"அண்ணைக்கு இங்க நிண்ணு நான் நடிச்சதாக்கும். எனக்கு வருத்தம் ஒண்ணும் இல்ல. அப்பம் எனக்கு வேண்டாம், ஐயா."

திரும்பி, நடு வழியாக நடந்து, வாசலைத் தாண்டி, ஆஞ்சிலி மரத்தடிக்குப் போய் நின்றார். போதகர் தட்டோடு நின்றார்.  எனக்கு அவர் மேல் வந்த கோபத்துக்கு அளவில்லை. பிடித்து உலுக்க வேண்டும் போல இருந்தது. ஓடிப்போய்க் கட்டிக்கொள்ளவும் வேண்டும் போல இருந்தது. இரண்டையும் செய்யாமல் பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்தேன்.

இதைப் பற்றிப் பேசக் கமிட்டி கூட வேண்டும் என்றார்கள். போதகர் ஒருமுறை தள்ளிவைத்தார், மறுமுறையும் தள்ளிவைத்தார். மூன்றாவது முறைக்கு அவசியமில்லாமல் போயிற்று. ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம் கஞ்சி குடித்துவிட்டுப் படுத்த மாமி எழுந்திருக்கவில்லை. நான்தான் குளிப்பாட்டினேன். புதிதாகத் தைத்து வைத்திருந்த நீலச் சட்டையைப் போட்டுவிட்டேன்.

அன்று சாயங்காலமே பள்ளி முற்றத்தில் கமிட்டி கூடியது. கமிட்டி என்று பெயர்தான், சபையில் பாதிப்பேர், ஒரு நாற்பது பேர் அங்கே நின்றோம். அண்ணன் மகன் துண்டைக் கையில் சுருட்டிக்கொண்டு தள்ளி நின்றான். என்ன முடிவு வரும் என்று அவனுக்குத் தெரியும். எங்களுக்கும் தெரியும்.

"புஸ்தகத்த வாசியும்" என்றார் மூப்பர்.

என் கணவர் திறந்தார். 'மனம் வருந்தி, சபை முன்னிலையில் அறிக்கையிட்டார். சபை ஏற்றுக்கொண்டது' என்று வாசித்தார்.

"அதுக்குப் பிறகு?"

அவர் பக்கத்தைத் திருப்பினார். "அதுக்குப் பிறகு ஒண்ணும் எழுதல்ல."

நான் திடுக்கிட்டுப் போனேன். இந்த மனிதரோடு நான் குடும்பம் நடத்துகிறேன். இவர் எழுதாமல் விட்டது ஒன்று உண்டு என்று எனக்கே அப்போதுதான் தெரிந்தது.

"திருவிருந்து அண்ணைக்கு அவங்க ஏதோ சொன்னாங்களே?" என்று மூப்பர் கேட்டார்.

"சொன்னாங்களா?" என்றார் என் கணவர். முகம் காதுவரை சிவந்திருந்தது. "எனக்கு ஒண்ணும் கேக்கல்ல."

போதகர் புத்தகத்தை வாங்கிப் பார்த்தார். மூடினார். "வேறு யாருக்காவது கேட்டதா?" என்று எங்களைப் பார்த்துக் கேட்டார். அன்றைக்குப் பீடத்தில், மூன்றடி தூரத்தில் நின்றவர் அவர்தான்.

ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டே வந்தார். பாட்டு நடத்துகிறவர், பள்ளிக்கூடத்து டீச்சர், பக்கத்து வீட்டு அக்காள், நான். என் நாக்கு பல்லுக்கு நடுவில் இருந்தது, வலித்தது. கடவுளின் வீட்டு முற்றத்தில் நாற்பது பேர் சேர்ந்து சொன்ன பொய் அது. ஒருவர்கூட வாய் திறக்காமல் சொன்னோம்.

கடைசியில் மூப்பர் மட்டும் மிச்சமிருந்தார். அவர் யாரையும் பார்க்கவில்லை. சுவரோரம் சாத்தியிருந்த மண்வெட்டியைப் போய் எடுத்தார். முண்டை மடித்துக் கட்டினார். கல்லறைத் தோட்டத்துக்குள் நாலடி போனவர் நின்று திரும்பினார்.

"அம்மைக்க எந்தப் பக்கம்?" என்று கேட்டார்.

"வலப்பக்கம்" என்றேன். அன்று முழுக்க நான் பேசியது அந்த ஒரு சொல்தான்.